ஏழாம் பாரம்

"மாமா, தலைவர் முதலைமேல ஏறிட்டார்," என்று கட்டிங் மெஷின் பக்கமிருந்து மச்சினன் குரல் கொடுத்தான்.

மேஸ்திரி தலை நிமிரவில்லை. அறுத்து முடித்த புத்தகங்களை இருபது இருபதாக அடுக்கிக்கொண்டிருந்தார். மொத்தம் முந்நூறு. மணி காலை பத்து. மாலை ஆறு மணிக்கு வெளியீட்டு விழா. ஐந்து மணிக்குத் தலைவரின் வண்டி வாசலில் வந்து நிற்கும்.

"ஏறட்டும். தேர்தல் வருதில்ல, எதுமேல வேணும்னாலும் ஏறுவார்."

"விளையாட்டு இல்ல மாமா. தொண்ணூத்தேழாம் பக்கம். வந்து பாருங்க."

மேஸ்திரி பைண்டிங் வேலைக்கு வந்து முப்பத்திரண்டு வருடம் ஆகிறது. அவர் கையில் தைத்து, ஒட்டி, அட்டை போட்டுப் போன புத்தகங்களை வரிசையாக அடுக்கினால் ஒரு தெருவுக்குச் சுவர் எழுப்பலாம். அதில் ஒன்றைக்கூட அவர் படித்ததில்லை. செங்கல் சுமக்கிறவன் அந்த வீட்டில் குடியிருந்து பார்க்க வேண்டியதில்லை என்பது அவர் கட்சி. இப்போது வேறு வழியில்லாமல் பசைக் கையை வேட்டியில் துடைத்துக்கொண்டு, விரல் வைத்து மெதுவாகப் படித்தார்.

'வெள்ளம் சுழித்து ஓடியது. கரையில் ஊரே கதறியது. சிறுவன் கலங்கவில்லை. முதலையின் முதுகில் ஏறி அமர்ந்தான். முதலை அவனை ஒருமுறை திரும்பிப் பார்த்தது. பிறகு தலை தாழ்த்தி அக்கரையை நோக்கி நீந்தலாயிற்று.'

அடுத்த பக்கத்தில் மேகம் வந்து சிறுவனுக்குக் குடை பிடித்தது. அதற்கடுத்த பக்கத்தில், பாதையை அடைத்துக்கொண்டிருந்த பாறையை அவன் இடது கையால் நகர்த்தினான். வலது கையில் புத்தகப்பை இருந்ததாம்.

மேஸ்திரி அட்டையைத் திருப்பிப் பார்த்தார்.

"இது அரக்கன் புத்தகம்டா," என்றார்.

பட்டறையில் அந்த வாரம் மூன்று புத்தகங்கள் ஓடிக்கொண்டிருந்தன. ஒன்று தலைவரின் வாழ்க்கை வரலாறு. அதற்குப் பட்டறையில் பெயர் 'தலைவர்'. இன்னொன்று பிள்ளைகளுக்கான மாயாஜால சாகசக் கதை. அது 'அரக்கன்'. மூன்றாவது, சிறுகதை என்ற ஒன்று பிறந்த புதிதில் எழுதப்பட்ட கதைகளின் தொகுப்பு. அது 'பழசு'. மூன்றும் ஒரே அளவு, ஒரே தாள், ஒரே அச்சகம். அச்சாகி வரும் பெரிய தாளை மடித்தால் பதினாறு பக்கம் கொண்ட ஒரு பாரம். ஒன்று, இரண்டு என்று பாரங்களை வரிசையாகக் கோத்துத் தைத்தால் புத்தகம். எந்தப் பாரம் எந்தப் புத்தகம் என்று அடியில் பொடி எழுத்தில் போடுவது வழக்கம். இந்த அச்சகத்துக்காரர்கள் சோம்பேறிகள். வெறும் எண்ணை மட்டும் போட்டு அனுப்பியிருந்தார்கள்.

நேற்று மதியம் சாப்பிட இடமில்லை என்று கோர்ப்பு மேஜையின் ஒரு மூலையைக் காலி செய்தது மேஸ்திரிதான். எந்தப் பாரக் கட்டுகளை நகர்த்தினோம், திரும்ப எங்கே வைத்தோம் என்று யோசித்துப் பார்த்தார். சாப்பிட்டது ஞாபகம் இருந்தது.

"அரக்கனோட ஏழாம் பாரத்தை எடுத்துட்டு வா அக்கா."

மடிப்பக்கா எடுத்து வந்தாள். பட்டறையில் மடிக்கிற வேலை அவளுடையது. ஒரு நாளைக்கு இரண்டாயிரம் பாரம் மடிப்பாள். மடிக்கும்போதே கண்ணில் பட்டதையெல்லாம் படித்து வைப்பாள். அதனால் எந்தக் கதையும் அவளுக்கு ஆரம்பம் தெரியாது, முடிவும் தெரியாது, நடுவில் நடந்தது மட்டும் அத்துப்படி.

அவளே உரக்கப் படித்தாள்: "'சபை கூடியது. மூத்தவர்கள் முன்வரிசையில் உறங்கினார்கள். கஜானாவைக் காலி செய்தது யார் என்று விசாரிக்கக் குழு அமைக்கப்பட்டது. காலி செய்தவரே அதற்குத் தலைவரானார். தீர்மானம் ஒருமனதாக நிறைவேறியது. எதிர்த்துப் பேசிய ஒருவரை அதன்பின் யாரும் பார்க்கவில்லை.'"

மூவரும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள்.

"இது அரசியல்தான் மாமா," என்றான் மச்சினன். "சத்தியமா இதுதான் தலைவர்."

"ஆறாம் பாரம் எங்க முடியுது, பாரு."

"'அன்று முதல் அவர் அழுததே இல்லை'ன்னு முடியுது. முற்றுப்புள்ளி வெச்சு, கீழ ஒரு பூ போட்டிருக்கு."

அழாமல் இருந்தவர் அடுத்து சபைக்குப் போவதுதான் முறை, முதலைமேல் ஏறுவதில்லை. மேஸ்திரிக்குச் சந்தேகமே இல்லை. மாறிவிட்டது. மாற்றியது அவர்தான்.

போன மாதம் ஒரு பேராசிரியரின் புத்தகத்துக்கு அட்டை தலைகீழாக ஒட்டப்பட்டுப் போயிற்று. பேராசிரியர் மேடையில் புத்தகத்தைத் தலைகீழாகப் பிடித்துக்கொண்டு வாசிக்கிறார் என்று கூட்டம் சிரித்ததாம். மறுநாள் முதலாளி சத்தம் போடவில்லை. "இன்னொரு தடவை இப்படி ஆச்சுன்னா நீங்க வீட்டுல ஓய்வா இருங்க மேஸ்திரி," என்றார், அவ்வளவு மரியாதையாக. ஐம்பத்தேழு வயதில் ஓய்வாக இருப்பதற்கு மேஸ்திரியிடம் வசதி கிடையாது. வேறு வேலையும் தெரியாது.

"அச்சகத்துக்கு ஒரு போன் போட்டுக் கேட்டா என்ன?" என்றாள் மடிப்பக்கா.

"அச்சகத்துக்காரர் யாரு? நம்ம முதலாளிக்குச் சம்பந்தி. நான் போனை வெக்கறதுக்குள்ள அங்கேருந்து இங்க போன் வரும்."

"அப்ப என்னண்ணே செய்யலாம்?"

"முதலாளி நாலு மணிக்குத்தான் வருவார். அதுக்குள்ள மாத்திடலாம்."

சொல்வது சுலபம். தைத்து, அட்டை போட்டு, மூன்று பக்கமும் அறுத்து முடித்த புத்தகத்திலிருந்து நடுப்பாரத்தை எடுப்பது, உட்கார்ந்திருக்கிறவன் இடுப்பிலிருந்து அவன் எழுந்திருக்காமல் வேட்டியை உருவுகிற மாதிரி வேலை. மேஸ்திரி உருவினார். பாரத்தின் நடுவே தையல் நூலை பிளேடால் அறுத்து, தாள் தாளாக வெளியே இழுத்து, புதுப் பாரத்தின் முதுகில் பசை தடவி உள்ளே செருகினார். முதல் புத்தகத்துக்கு ஏழு நிமிடம். பத்தாவது புத்தகத்துக்கு இரண்டு நிமிடம். ஐம்பதாவது புத்தகத்தில் கட்டைவிரல் ரேகை தேய்ந்துவிட்டது. சமையலறையில் காய் நறுக்கி உரம் ஏறிய மடிப்பக்காவின் கை இன்னும் வேகம். மச்சினன் பசை தடவினான்.

"அண்ணே, முந்நூறு வேணும். அரக்கன் கட்டுல எண்ணிப் பார்த்தா இருநூத்தறுபதுதான் இருக்கு."

"அரக்கன் இருநூத்தைம்பது புத்தகம்தான், பத்து சேதாரத்துக்கு. அது சரியாத்தானே…" என்று இழுத்தான் மச்சினன்.

"தலைவருக்கு முந்நூறு அடிக்க வேண்டியவன் நாப்பது குறைச்சு அடிச்சிருக்கான்," என்றார் மேஸ்திரி. "அந்த அச்சகத்துல ஒருத்தனுக்கும் எண்ணத் தெரியாது."

நாற்பது புத்தகங்கள் வயிறு காலியாகக் கிடந்தன. தொண்ணூற்றாறாம் பக்கத்துக்குப் பிறகு நூற்றுப் பதின்மூன்று. மேஸ்திரி பட்டறையைச் சுற்றிப் பார்த்தார். 'பழசு' கட்டுகள் சுவரோரமாக இருந்தன. அது அடுத்த வாரம்தான் போக வேண்டும்.

"அதுல ஏழாம் பாரம் என்ன சொல்லுது?"

மடிப்பக்காவுக்கு எடுத்துப் பார்க்கவே வேண்டியிருக்கவில்லை. "ஒரு குமாஸ்தாண்ணே. மழையில குடையைத் தொலைச்சிடறான். புதுக் குடை வாங்க வழியில்ல. வீட்டுக்குப் போனா பொண்டாட்டி ஒண்ணும் கேக்காம தலையைத் துவட்டி விடறா. அவன் அழறான். நானும் மடிக்கும்போது அழுதுட்டேன்."

"தலைவர் எப்பவாவது குமாஸ்தாவா இருந்தாரா?" என்றான் மச்சினன்.

"இல்லைன்னு உனக்குத் தெரியுமா?"

"ஆறாம் பாரத்துல அழுததே இல்லைன்னு போட்டிருக்கே மாமா."

"பொண்டாட்டிகிட்ட அழுதது கணக்கில்ல. போடு."

ஆக இருநூற்று அறுபது புத்தகங்களில் தலைவர் சபைக்குப் போனார். நாற்பதில் குடையைத் தொலைத்தார். மணி இரண்டரை.

அப்போதுதான் மேஸ்திரி ஒன்றைக் கவனித்தார். புத்தகம் முன்பே அறுத்தது. செருகிய பாரம் அறுக்காதது. ஒவ்வொரு புத்தகமும் நாக்கை நீட்டிக்கொண்டு நின்றது. முந்நூறு நாக்குகள்.

"மறுபடி கட்டிங் போடு."

"ஈரமா இருக்கு மாமா. கத்தி இழுத்துக்கும்."

ஈரத்தை எடுக்க வேண்டும். திருகு வைத்த இரும்புப் பலகைகளுக்கு நடுவே புத்தகங்களை அடுக்கினார்கள். ஒவ்வொன்றிலும் பசை கசிகிற இடத்தில் வைக்க உலர்ந்த காகிதம் வேண்டும். பழைய செய்தித்தாள்கள் எல்லாம் எண்பது புத்தகங்களுக்குள் தீர்ந்துபோயின. மேஸ்திரியின் பார்வை, உருவிப் போட்டிருந்த முதலைப் பாரங்களின் மேல் விழுந்தது.

"அது அரக்கனுக்கு வேணுமேண்ணே."

"அறுத்த தாள், ஓரமெல்லாம் குட்டையாயிடுச்சு. அரக்கனுக்கு அடுத்த வாரம் புதுசா அடிக்கச் சொல்லிக்கலாம். இப்ப என் வேலை முக்கியமா, முதலை முக்கியமா?"

முதலையும் மேகமும் பாறையும் பசையை உறிஞ்சிக்கொண்டன. திருகை இறுக்க மேஸ்திரி தன் முழு எடையையும் போட்டுத் தொங்கினார். அரை மணி நேரம் கழித்துப் பிரித்தபோது புத்தகங்கள் ஓரளவு காய்ந்திருந்தன. முதலைத் தாள்கள் கஞ்சியில் ஊறிய துணி போல மொத்தையாகக் கையோடு வந்தன. மடிப்பக்கா அள்ளிக் கழிவுத் தொட்டியில் போட்டாள்.

மச்சினன் கத்தியை இறக்கினான். ஓரம் சீராக வந்தது. நாக்குகள் போயின. பக்க எண்களும் போயின.

"கொஞ்சம் உள்ளே தள்ளி வெச்சிட்டேன் போல," என்றான் மச்சினன்.

மேஸ்திரி ஒரு புத்தகத்தைப் புரட்டினார். முதலிலிருந்து கடைசிவரை ஓர் எண்கூட இல்லை. அவருக்குக் கோபம் வரவேண்டிய நேரம். வரவில்லை.

"நல்லதாப் போச்சு. எந்தப் பக்கத்துல என்ன இருக்குன்னு இனி ஒருத்தனும் கேக்க முடியாது."

மடிப்பக்கா மட்டும் ஏதோ ஒரு பக்கத்தைப் பார்த்துக்கொண்டே நின்றாள். "அண்ணே, இதுல ஒரு இடத்துல இவங்க சபைத் தலைவருக்கு மூணு தலைன்னு வருது. மூணும் மூணு விதமா பேசுதாம்."

மேஸ்திரி மச்சினனைப் பார்த்தார்.

"கூட்டணியைச் சொல்றாங்க," என்றான் மச்சினன்.

"பார்த்தியா. படிச்சவங்க எழுதினா அப்படித்தான் சுத்தி வளைச்சு எழுதுவாங்க."

நாலு மணிக்கு முதலாளி வந்தார். அடுக்கி வைத்த முந்நூறு புத்தகங்களைப் பார்த்தார். ஒன்றை எடுத்துக் கையில் எடை பார்த்தார். முதலாளியும் படிக்கிறவர் இல்லை.

"என்ன மேஸ்திரி, புத்தகம் கொஞ்சம் குட்டையா இருக்கு?"

"கைக்கு அடக்கமா இருக்கட்டும்னு செஞ்சோம் முதலாளி. மேடையில புடிச்சு நிக்க வசதியா இருக்கும்."

முதலாளி முன்னும் பின்னும் திருப்பினார். அட்டை நேராக இருந்தது. அவருக்கு அதுதான் வேண்டும். "இப்படி வேலை செஞ்சா யார் உங்களை வீட்டுக்குப் போகச் சொல்வாங்க?" என்றார். மேஸ்திரிக்கு முப்பத்திரண்டு வருடத்தில் கிடைத்த முதல் பாராட்டு அது. கட்டைவிரல் வலிகூட மறந்துபோயிற்று. மடிப்பக்கா முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு மெஷினுக்குப் பின்னால் போய்விட்டாள்.

சரியாக ஐந்து மணிக்கு வண்டி வந்தது. தலைவரின் டிரைவர் இறங்கினார். வெள்ளைச் சட்டை, எண்ணெய் வைத்துப் படிய வாரிய தலை, வாய் நிறையப் பேச்சு. மச்சினனும் மேஸ்திரியும் கட்டுகளைத் தூக்கி வண்டியில் அடுக்கினார்கள். கடைசிக் கட்டு ஏறியதும் மேஸ்திரி நெற்றியைத் துடைத்துக்கொண்டார். முடிந்தது.

"ஒரு நிமிஷம்ணே," என்று டிரைவர் ஒரு புத்தகத்தை உருவினார். சட்டைப் பையிலிருந்து ஒரு சிவப்புப் பட்டு நாடாவை எடுத்தார். "ஐயா மேடையில படிக்கப்போற இடத்துல இதை வெச்சுக் கொடுக்கச் சொன்னார். தொண்ணூத்தேழாம் பக்கம்." புரட்டினார். "என்னண்ணே, பக்க எண்ணே காணோம்?"

"இப்ப அதுதான் நாகரிகம்," என்றார் மேஸ்திரி.

"சரி, பார்த்தாலே எனக்குத் தெரியும்." டிரைவர் எச்சில் தொட்டுப் பக்கங்களைத் தள்ளினார். முன்னால் போனார், பின்னால் வந்தார். நின்றார். உதடு அசையப் படித்தார். புருவம் சுருங்கியது.

"யாருண்ணே இது, மூணு தலையோட?"

மேஸ்திரி மச்சினனைத் தேடினார். அவன் வண்டிக்குப் பின்னால் எதையோ கட்டுவதுபோல் குனிந்திருந்தான்.

"முதலை எங்கண்ணே?" என்றார் டிரைவர்.

முதலாளி திரும்பினார். "எந்த முதலை?"

மேஸ்திரி தன் பக்கம் நியாயம் இருக்கிறதென்ற தைரியத்தில் வாயைத் திறந்தார். "அது… குழந்தைங்க கதைப் புத்தகத்துல இருந்து தவறிப்போய்க் கலந்துடுச்சு தம்பி. மேகம் குடை புடிக்குது, பாறை நகருது… யாரோ சின்னப் பசங்களுக்கு எழுதினது. நாங்கதான் நல்ல நேரமாப் பார்த்து எடுத்துட்டோம்."

டிரைவர் பட்டு நாடாவை விரலில் சுற்றிக்கொண்டே அவரைப் பரிதாபமாகப் பார்த்தார்.

"மத்த பக்கமெல்லாம் ஆள் வெச்சு எழுதினதுண்ணே. ஐயா ராத்திரியெல்லாம் கண்முழிச்சுத் தன் கையால எழுதினது அந்த முதலை ஒண்ணுதான்."