பூசணிக்காயை இடுப்பில் தூக்கிய குமாஸ்தா

திருவள்ளூரில் கிறுக்கர்களுக்கு என்றைக்குமே பஞ்சம் கிடையாது. ஆனால் எட்டு வீசைப் பூசணிக்காயை இடுப்பில் வைத்துக்கொண்டு, "அழாதடா கண்ணு" என்று அதைத் தட்டிக்கொடுத்தபடி ரயிலேறிய மனுஷர் ஈரேழு உலகத்திலும் ஒருவர்தான். எங்கள் வக்கீல் ஆபீஸ் குமாஸ்தா. பெற்றவர்கள் அவருக்கு என்ன பெயர் வைத்தார்களோ, எனக்குக் கடைசிவரை தெரியாது. ஊருக்கே அவர் பூசணி குமாஸ்தா.

நான் அங்கே டைப்பிஸ்ட். ஐம்பதுகளில் விவாகரத்துச் சட்டம் வந்த புதிது. கட்சிக்காரர்கள் அந்த வார்த்தையைக் கதவைச் சாத்திவிட்டுத்தான் சொல்வார்கள். புருஷன் தன் ஊர் கோர்ட்டில் கேஸ் போட்டிருப்பான். பெண்டாட்டி பிள்ளையோடு தாய்வீட்டில் இருப்பாள். கேஸை இவள் பக்கத்துக் கோர்ட்டுக்கு மாற்றச் சொல்லி மனுப் போட வேண்டும். மற்ற குமாஸ்தாக்கள் 'சொல்லொணாத் துயரம் அடைகிறாள்' என்று ஒரு வரியில் முடித்துவிட்டு டீ குடிக்கப் போவார்கள்.

இவருக்கு அது ஆகாது. "சொல்ல முடியலன்னா ஜட்ஜுக்கு எப்படிய்யா புரியும்? நாம போய்ப் பட்டுகினு வந்துதான் எழுதணும்" என்பார். அதற்குப் பெயர் ஒத்திகை. பிள்ளை எத்தனை வீசை என்று கேட்டு, அதே எடையில் மார்க்கெட்டில் பூசணிக்காய் வாங்குவார். அந்தப் பெண் போகிற ரயிலிலேயே போய், எங்கே இடுப்பு கடுத்தது, எங்கே உட்கார இடமில்லை என்று குறித்துக்கொண்டு வருவார். ஒரு கர்ப்பிணியின் கேசுக்கு வயிற்றில் தலையணை கட்டிக்கொண்டு அரக்கோணம் வரை போய் வந்தார். யாரும் எழுந்து இடம் கொடுக்கவில்லை என்று மூன்று நாள் குமுறினார்.

ஒருமுறை டிக்கெட் பரிசோதகர் கிண்டலாக, "இன்னாய்யா, இதுக்கு அரை டிக்கெட் எங்க?" என்றார்.

"இன்னும் மூணு வயசு ஆவல சார்!"

வக்கீலுக்குத் தலையில் அடித்துக்கொள்வதே வேலை. "நீ குமாஸ்தாவா, கூத்தாடியாய்யா?" என்பார். ஆனால் மனுக்கள் என்னவோ ஜெயித்துக்கொண்டுதான் இருந்தன.

அப்போதுதான் கடம்பத்தூர் ருக்மணி வந்தாள். புருஷன் ஏகாம்பரம் கும்மிடிப்பூண்டி அரிசி மில்லில் ஃபிட்டர். விவாகரத்தும் வேண்டும், மகளும் வேண்டும் என்று பொன்னேரி கோர்ட்டில் போட்டிருந்தான். பிள்ளையைத் தூக்கிக்கொண்டு இரண்டு ரயில் மாறி அவள் போய்ச் சேருவதற்குள் இரண்டு வாய்தாவிலும் பெயரைக் கூப்பிட்டு முடித்துவிட்டார்கள். மூன்றாவதும் தவறினால் ஒருதலைத் தீர்ப்பு. பிள்ளை அப்பனிடம் போய்விடும். "எம் பொண்ணு போயிட்டா நான் இருக்கவே மாட்டேங்க" என்று அழுதாள்.

குமாஸ்தா வழக்கம்போலப் பூசணிக்காய்க்குக் கிளம்பினார். வாசல்வரை போனவர் திரும்பி வந்தார். "இந்தக் கேசுக்குப் பூசணி போதாது. அது தண்ணி கேக்காது, ஒண்ணுக்குப் போவாது. நெசப் புள்ளையே வோணும். நீ கைய வீசிக்கினு கூட வாம்மா, நான் தூக்கிக்கிறேன்."

மறுநாள் நால்வரும் கிளம்பினோம். குமாஸ்தா, ருக்மணி, குழந்தை, குறிப்பெடுக்க நான். பேசின் பிரிட்ஜில் மாறும்போதே குமாஸ்தா நொண்டினார். பொன்னேரியில் இறங்கியதும் எதிரே வருகிறான் ஏகாம்பரம்! தன் வக்கீலைப் பார்க்க வந்திருக்கிறான். குழந்தை "நைனா!" என்று அவன்மேல் தாவியது. ஆறு மாதமாக மகளைப் பார்க்காத ஆள். கண் கலங்கிவிட்டது. அடுத்த கணம் குமாஸ்தாவின் சட்டையைப் பிடித்தான்.

"யார்யா நீ? எம் பொண்ணத் தூக்கினு எங்க வந்தே?"

"நல்ல நேரத்துக்கு வந்தே நைனா. என் இடுப்பு போச்சு. திரும்பத் தூக்கினு போறதுக்கு ஆளில்ல. கடம்பத்தூர் வரைக்கும் நீயே தூக்கினு வந்துடு."

நான் அவர் காதில் அலறினேன். "சார், இவன்தான் எதிர்க்கட்சி!"

"அதனாலென்ன? அவனுக்கும் இடுப்பு இருக்குதே!"

மகளை இறக்க மனமில்லாமல் அவனும் ரயிலேறினான். ரயிலில் சரியான கூட்டம். குழந்தை தண்ணீர் கேட்டது. தண்ணீர் வந்ததும் பால் கேட்டது. கொருக்குப்பேட்டையில் அப்பன் சட்டையை நனைத்தது. பேசின் பிரிட்ஜ் படிக்கட்டில் தோளிலேயே தூங்கிப்போனது. தூங்குகிற பிள்ளையின் கனம் தூக்கினவருக்குத்தான் தெரியும். ருக்மணி அவன் பக்கம் திரும்பவே இல்லை. ஆவடி தாண்டியதும் ஒரு துண்டை மட்டும் நீட்டினாள்.

கடம்பத்தூரில் இறங்கியபோது அவனால் மடக்கிய கையை நீட்ட முடியவில்லை.

"வாய்தாவுக்கு வாய்தா இப்படித்தான் வந்தியா?" என்றான்.

"பின்ன, வேற யாரு தூக்குவா?"

அவன் மகளை மெதுவாக அவள் இடுப்புக்கு மாற்றினான்.

மறுநாள் காலையில் எங்கள் ஆபீசுக்கே வந்துவிட்டான். "கேஸ திருவள்ளூருக்கே மாத்திக்கோங்க. எனக்கு ஆட்சேபணை இல்லன்னு எழுதுங்க, கையெழுத்து போடறேன்." வக்கீல் வாயைப் பிளந்தார். குமாஸ்தாவோ இரண்டாள் பிடித்து நாற்காலியில் உட்கார வைத்த நிலையில் இருந்தார்.

செங்கல்பட்டு ஜில்லா கோர்ட்டில் மனு ஒரே நாளில் முடிந்தது. இருவரையும் நாங்கள் சேர்த்து வைத்தோம் என்று கதைவிட எனக்கும் ஆசைதான். அது நடக்கவில்லை. திருவள்ளூரிலேயே விவாகரத்து ஆனது. பிள்ளை அம்மாவிடம், ஞாயிற்றுக்கிழமைகளில் அப்பா வந்து பார்க்கலாம் என்று தீர்ப்பு. ஏகாம்பரம் மேல்முறையீடு என்ற பேச்சையே எடுக்கவில்லை.

தீர்ப்பு வந்த அன்று நாங்கள் எல்லோரும் சந்தோஷமாக நாஷ்டாவுக்குக் கிளம்பினோம். குமாஸ்தாவைக் காணோம். தேடிப் போனால், மனுஷர் கோர்ட்டுக்குப் பின்னால் சைக்கிள்களுக்கு நடுவே நின்று தேம்பிக்கொண்டிருந்தார்.

"என்ன சார், ஜெயிச்சிட்டோமே?"

"யார்றா ஜெயிச்சது? அன்னிக்கு ரயில்ல அந்தக் கொயந்த தூங்கற வரைக்கும் ரெண்டு பேரையும் மாத்தி மாத்திப் பாத்துகினே வந்துச்சுடா. அத நான் எந்த மனுவுல எழுதுவேன்?"

அன்றிலிருந்து அவரை யாராவது கிறுக்கு என்று சொன்னால், அவனிடம் சண்டைக்குப் போகாமல் நான் வீடு திரும்பியதில்லை.