ஹெல்மெட் போட்ட கபடி

எனக்குத் தெரிந்தது ஒரே விளையாட்டு, கபடி. இதைச் சொல்ல வேண்டிய நாளில் சொல்லாமல் பல்லிளித்தேன். அதற்குக் கிடைத்தது இது.

கடலூர்–சிதம்பரம் சாலையில் ஒரு சின்னக் கல்லூரி. அப்போது அங்கே நான் ஆறு வருடமாகத் தற்காலிக உடற்பயிற்சி ஆசிரியர். அமெரிக்காவில் மகள் வீட்டுக்குப் போய்த் திரும்பிய எங்கள் தாளாளர் ஒரு பந்து கொண்டுவந்தார். பண்ருட்டிப் பலாக்கொட்டைக்குக் காற்றடித்தது போல இருந்தது.

"அமெரிக்கன் ஃபுட்பால். ஒங்களுக்குத் தெரியும்ல?"

"நல்லாத் தெரியும் சார்." (டீவியில்கூடப் பார்த்ததில்லை.)

"சென்னைலேர்ந்து ஒரு காலேஜ் டீம் வருது. ஜெயிக்க வேணாம். ஒரு பாயின்ட் எடுங்க, பர்மனென்ட் பண்ணிடறேன்."

விதிகளை மொபைலில் பார்த்தேன். பந்தோடு ஓடி எதிரணியின் கடைசிக் கோட்டைத் தாண்ட வேண்டும். அவர்கள் பிடித்து அமுக்குவார்கள். இவ்வளவுதானா? எங்கள் கபடி அணியை அப்படியே இறக்கி, ஆளுக்கொரு பைக் ஹெல்மெட்டை மாட்டிவிட்டேன்.

அண்ணாமலை நகரில் ஆட்டம். முன்வரிசையில் தாளாளர். அவருக்குப் பின்னால் என் மனைவி செல்வியும் அவள் தம்பி செந்திலும். (வராதீர்கள் என்று சொல்லியிருக்கலாம்.)

கடைசி ஐந்து நிமிடம் வரை நாங்கள் பூஜ்யம். அப்போது லால்பேட்டை ரஃபீக் கையில் பந்து மாட்டியது. கபடியில் அவன்தான் எங்கள் முதல் ரைடர். ஏழு பேரை உதறிக்கொண்டு ஓடினான். கோட்டுக்கு நாலடி இருக்கும்போது ஒருவன் அவன் இடுப்பைப் பிடித்தான். முன்பக்கம் சரிந்து விழுந்திருந்தால் போதும், என் வேலை நிரந்தரம்.

அந்த நொடியில், பதினைந்து வருடமாகக் கத்திப் பழகிய வாய் கத்தியது.

"திரும்புடா! நம்ம கோட்டத் தொடுடா!"

சொன்ன பேச்சைக் கேட்கிற பையன். பிடியை உதறித் திரும்பினான். மைதானம் முழுக்க, "கபடி கபடி" என்று மூச்சு விடாமல் பின்னால் ஓடிவந்தான். எங்கள் ஆட்கள் வழிவிட்டுக் கைதட்டினார்கள். எங்கள் கடைசிக் கோட்டில் பாய்ந்து விழுந்து தொட்டான். எழுந்து தொடையைத் தட்டினான். நானும் தட்டினேன்.

நடுவர் விசில் ஊதினார். "பந்தோட சொந்தக் கோட்டுல விழுந்தா, அவங்களுக்கு ரெண்டு பாயின்ட்."

"மாஸ்டர், நீங்கதான திரும்பச் சொன்னீங்க?" என்றான் ரஃபீக்.

தாளாளர் நிதானமாக எழுந்தார். "ஒரு பாயின்ட் கேட்டேன், ரெண்டு எடுத்துட்டீங்க. யாருக்குன்னு சொல்லாதது என் தப்பு சார்." (மனுஷனுக்கு நக்கல் வேறு.)

எட்டு வருடம் ஆகிவிட்டது. நான் இன்னும் தற்காலிகம்தான். வண்டிச் சாவியை மறந்து வாசலுக்குத் திரும்பினால் போதும், செந்தில் கத்துவான்: "அக்கா, மாமா கோட்டத் தொட வராரு!"

உள்ளேயிருந்து செல்வி கேட்பாள்: "பாயின்ட் யாருக்குடா?"

"எதிர்வீட்டுக்கு!" என்று கத்துகிறாள் என் மகள். ஆட்டம் நடந்தபோது அவள் பிறக்கவே இல்லை.