கனகரத்தினம் அண்ணைக்கு முன்பே தெரியும்

முன்பே தெரிந்தவர் என்றொரு மனித இனம் உண்டு. பனி பெய்யும் நாட்டிலும் வளரும், வெயில் கொளுத்தும் நாட்டிலும் வளரும். கலியாண மண்டபத்தில் உங்களுக்குப் பக்கத்துக் கதிரையில்தான் வந்து இருக்கும். "நேற்று ஒரு விஷயம் கேள்விப்பட்டேன்" என்று சொல்ல வாயெடுத்து, நீங்கள் "நேற்று ஒரு" வரைக்கும் வந்திருப்பீர்கள். அதற்குள் அது கண்ணைப் பாதி மூடி, தலையை இரண்டு தரம் ஆட்டி, "ஓம், அது எனக்குத் தெரியும்" என்று முடித்துவிடும். சொல்ல வந்தது என்னவென்றே தெரியாமல் அதற்கு எப்படித் தெரிந்தது? அந்தக் கேள்வியை மட்டும் கேட்டுவிடாதீர்கள். கேட்டால் அதற்கும் ஒரு விளக்கம் இருக்கும்.

இந்த இனத்தில் உயர்ந்த ரகம் ஒன்று சுவிஸில், லாங்கன்தால் என்ற ஊரில், எங்கள் வீட்டுக்கு நேர் மேல்மாடியில் வசிக்கிறது. பெயர் கனகரத்தினம். வயது ஐம்பத்தொன்பது. இயந்திரப் பாகங்கள் செய்யும் தொழிற்சாலை ஒன்றில் இருபத்தெட்டு வருட வேலை. டாக்டரிடம் போனால் தனக்கு என்ன வருத்தம் என்று டாக்டருக்குச் சொல்லிக்கொடுத்துவிட்டு, மருந்துச் சீட்டுக்கு மட்டும் கையெழுத்து வாங்கிக்கொண்டு வருவார். எங்கள் கட்டடத்து நிலவறையில் உடுப்புத் தோய்க்கும் இயந்திரம் பழுதானபோது, திருத்த வந்த சுவிஸ்காரனுக்குப் பக்கத்தில் முக்கால் மணி நேரம் நின்று எந்த ஆணியை எந்தப் பக்கம் திருக வேண்டும் என்று விளக்கினார். அவன் காதுக்குள் பஞ்சு அடைத்துக்கொண்டான். இயந்திரத்தின் சத்தத்துக்காக என்று கனகரத்தினம் அண்ணை நினைத்தார்.

ஆனால் அவருக்கும் ஒரு துயரம் இருந்தது. தொழிற்சாலையில் அவருடைய செஃப், அதாவது மேலாளன், இரண்டு கிழமை இலங்கைக்கு விடுமுறை போய்வந்தான். திரும்பி வந்த திங்கட்கிழமை, மத்தியானச் சாப்பாட்டில் அண்ணையின் பெட்டியை எட்டிப் பார்த்து, "இது அசல் இலங்கைக் கறி இல்லை, அசல் எப்படி இருக்கும் என்று நான் சொல்கிறேன்" என்று பாடம் எடுத்திருக்கிறான். அன்று பின்னேரம் அண்ணை எங்கள் வீட்டுக் கதவைத் தட்டினார். முகம் சிவந்திருந்தது.

"சயன், நான் பிறந்த நாட்டைப் பற்றி எனக்கே படிப்பிக்கிறான் தம்பி! ரெண்டு கிழமை! ஒரு ஹோட்டல்! ஒரு யானை! அவ்வளவும்தான் பாத்தவன்!"

எனக்கு உண்மையிலேயே அவர் மேல் இரக்கம் வந்தது. அந்த இரக்கம் மெக்சிகோ வரைக்கும் தாங்கியது.

மெக்சிகோவுக்கு அனுப்பியது அவருடைய மகள் சரணியா. தாய் தகப்பனின் முப்பதாவது திருமண நாளுக்கு ஒரு கிழமைப் பயணம் பரிசளித்தாள். நானும் என் மனைவி பிரசாந்தினியும் சேர்ந்துகொண்டோம். அந்தப் பயணத்தில் ஒருநாள், வழிகாட்டியோடு பஸ்ஸில் போய், பழைய மாயன் நகரத்து இடிபாடுகளைப் பார்த்துவிட்டு, திரும்பும் வழியில் இயற்கைக் கிணறு ஒன்றில் குளிப்பதாக ஏற்பாடு. சுண்ணாம்புப் பாறை இடிந்து விழுந்து, நிலத்தடித் தண்ணீர் வெளியே தெரியும் பெரிய பள்ளம் அது. இப்படித்தான் வழிகாட்டி விளக்குவதாக இருந்தது. நாங்கள் அதை அவரிடம் கேட்கவில்லை. லாங்கன்தாலிலேயே கேட்டுவிட்டோம். புறப்படுவதற்கு முந்திய மூன்று கிழமையும் அண்ணை இரவுச் சாப்பாட்டோடு யூடியூப்பில் மாயன் காணொளிகளைப் பார்த்து, விடியக்காலையில் படிக்கட்டில் பிடித்து எங்களுக்கு ஒப்புவித்திருந்தார்.

"பேந்து ஏன் அண்ணை அவ்வளவு தூரம் போறியள்?" என்று பிரசாந்தினி கேட்டாள்.

"சரியோ எண்டு பாக்கத்தான்."

பக்கத்தில் அவர் மனைவி பரமேஸ்வரி அக்கா உடுப்புக் கூடையோடு நின்றார். அக்கா முதியோர் இல்லம் ஒன்றில் வேலை செய்கிறவர், அதிகம் கதைக்காதவர். கதைக்க இடம் கிடைக்காதவர் என்பதே சரி.

எங்கள் வழிகாட்டியின் பெயர் எலியாசர். நாற்பது வயதிருக்கும், கட்டையான, கருத்த மனிதர், ஓலைத்தொப்பி. நிதானமான ஆங்கிலத்தில், நகைச்சுவையை எங்கே நிறுத்தி எங்கே தொடங்குவது என்று தெரிந்து கதைத்தார். பாவம், அன்று அவருக்கு ஒரு நகைச்சுவையும் மிஞ்சவில்லை. பெரிய பிரமிட்டுக்கு முன்னால் முப்பது பேரையும் நிறுத்தி, "இதில் எத்தனை படிகள் தெரியுமா?" என்று கேட்டு, ஒரு மூச்சு இடைவெளி விட்டார். அந்த மூச்சுக்குள் அண்ணை, "முன்னூற்று அறுபத்தைந்து! ஒரு வருசத்துக்கு உள்ள நாள்!" என்றார். எலியாசர் சிரித்தார். "இப்போது எல்லோரும் அமைதியாக இருங்கள், நான் ஒன்று செய்து காட்டப்போகிறேன்" என்று கைகளைத் தூக்கினார். அண்ணை முந்திக்கொண்டு பட்டென்று கைதட்டினார். படிகளில் பட்ட ஓசை ஒரு பறவை கூவுவதுபோலத் திரும்பி வந்தது. வந்தது என்ன சத்தம் என்று மற்றவர்கள் உணர்வதற்குள், "குருவி மாதிரிக் கேக்கும், வேணுமெண்டு அப்பிடிக் கட்டினது" என்று ஆங்கிலத்திலும் தமிழிலும் அறிவித்துவிட்டார். முப்பது பேருடைய ஆச்சரியத்தை ஒரே தட்டில் கொன்ற மனிதரை நான் அன்றுதான் பார்த்தேன்.

எலியாசர் இரண்டாவது முறை சிரிக்கவில்லை.

மாயன்கள் ஒருகாலத்தில் பந்து விளையாடிய மைதானத்து நிழலில் ஒரு கனடாத் தம்பதி அண்ணையிடம் அகப்பட்டார்கள். அவர்களுக்கு அவர் மாயன் இனத்தின் முடிவை விளக்கிக்கொண்டிருந்தார். அந்த மக்கள் முழுக்க அழிந்துபோனார்கள், இன்றைக்கு ஒருவரும் இல்லை, அந்த மொழியும் செத்துவிட்டது. எலியாசர் பக்கத்தில் வந்து நின்று, முடியும் வரை பொறுத்திருந்தார்.

"ஐயா, நான் மாயன்" என்றார்.

அண்ணை அவரைப் பார்த்தார்.

"எங்கள் பஸ் ஓட்டுகிறவரும் மாயன். காலையில் நாங்கள் இருவரும் கதைத்தது எங்கள் மொழியில்தான். என் அம்மாவுக்கு வேறு மொழி அவ்வளவாக வராது."

வேறு எவராக இருந்தாலும் நிலம் பிளக்காதா என்று பார்த்திருப்பார். அண்ணை எலியாசரைத் தொப்பியிலிருந்து சப்பாத்து வரை அளந்துவிட்டு, பெருந்தன்மையோடு தோளில் தட்டி, "அது வேறு. நான் சொல்வது அசல் மாயன்களை" என்றார்.

எனக்குக் காது சூடாகிவிட்டது. அவரை ஒரு மரத்தடிக்குக் கூட்டிக்கொண்டு போய், "அண்ணை, உங்கடை செஃப் சாப்பாட்டுப் பெட்டியைப் பாத்துச் சொன்னது ஞாபகம் இருக்கோ? நீங்கள் இப்ப சொன்னதும் அதுதானே?" என்று மெதுவாகக் கேட்டேன்.

அவர் திகைத்துப் பார்த்தார். "என்ன கதை கதைக்கிறாய் தம்பி? அவன் ஒண்டும் தெரியாமல் கதைக்கிறவன்."

பின்னேரம் மூன்று மணிக்குக் கிணற்றுக்கு வந்தோம். கிணறு என்று சொல்வதற்கு மனம் வராது. காட்டுக்கு நடுவில் ஒரு பெரிய வட்டமான வாய். சுற்றிவர மரவேர்கள் கயிறு கயிறாகத் தொங்குகின்றன. அறுபது எழுபது படி கீழே கருநீலத் தண்ணீர். ஒரு சத்தமும் இல்லை. எலியாசர் எல்லோரையும் நிறுத்தி, ஆழம் நாற்பது மீற்றர், மிதவை அங்கி போடாமல் ஒருவரும் இறங்கக்கூடாது என்று கண்டிப்பாகச் சொன்னார். பரமேஸ்வரி அக்கா அங்கியைப் போட்டு, பட்டிகளை இறுக்கி, படியிறங்கித் தண்ணீருக்குள் போய்விட்டார். அதை நான் கவனித்தேன். அண்ணை கவனிக்கவில்லை. அவர் சுண்ணாம்புத் தண்ணீரின் தன்மை பற்றிச் சொல்லிக்கொண்டிருந்தார்.

"சுண்ணாம்பு கரைஞ்ச தண்ணி பாரம் கூட. மனுசன் தாழ மாட்டான். உந்த அங்கி சட்டத்துக்காகப் போடச் சொல்லுறது."

"அண்ணை, உங்களுக்கு நீந்தத் தெரியுமோ?"

"நீச்சல் எண்டது என்ன, மூச்சுத்தானே?"

கடைசிப் படியில் நின்று தன்னைப் படம் எடுக்கச் சொன்னார். அங்கி வயிற்றைப் பெருப்பித்துக் காட்டுகிறதென்று அதைக் கழற்றி என் கையில் தந்தார். வாங்கியிருக்கக் கூடாது. வாங்கினேன். போன் திரையில் அவருடைய முகத்தை நடுவுக்குக் கொண்டுவந்து விரலை வைத்தபோது, திரையில் வெறும் பாசிபிடித்த படிப்பலகை மட்டும் இருந்தது.

வழுக்கிவிட்டார்.

ஆள் தாழும்போது கத்துவான் என்றுதான் நான் நினைத்திருந்தேன். அண்ணை கத்தவில்லை. ஒரு கை வெளியே வந்தது, போனது. பிறகு வாய் மட்டும் வந்தது, ஒரு சொல் இல்லாமல் திறந்தது, போனது. அவரை அறிந்த முப்பது வருடத்தில் பரமேஸ்வரி அக்கா அப்படி ஒரு அமைதியைக் கேட்டதேயில்லை. "அதனால்தான் திரும்பிப் பார்த்தேன்" என்று பின்னர் சொன்னார். எனக்கும் நீந்தத் தெரியாது. அங்கியை எறிந்தேன், அது வேறெங்கோ விழுந்தது. எலியாசர் மேலே அங்கி கொடுத்துக்கொண்டு நின்றார். பிரசாந்தினி கத்துகிறாள்.

பரமேஸ்வரி அக்கா எதிர்க்கரையிலிருந்து வந்தார். தவளை நீச்சல், அளந்து வைத்ததுபோல், ஒரு அவசரமும் இல்லாமல். முன்னால் போகாமல் சுற்றி, முதுகுப் பக்கமாகப் போய், முகவாய் நாடிக்குக் கீழே கையைக் கொடுத்துத் தூக்கினார். தலை வெளியே வந்ததும் அண்ணை இருமிக்கொண்டே அவருக்கு ஏதோ சொல்லத் தொடங்கினார். என்ன சொன்னார் தெரியுமா? கையை எங்கே பிடிக்க வேண்டும் என்று சொன்னார்.

"வாயை மூடு!" என்றார் பரமேஸ்வரி அக்கா.

முப்பது வருடமாக "வாங்கோ, போங்கோ, சாப்பிடுங்கோ" என்று வாழ்ந்த மனுசிக்கு அந்தத் தண்ணீரில் "ங்கோ" கழன்று போய்விட்டது. அண்ணை வாயை மூடினார். அதனால்தான் பிழைத்தார் என்பது என் கருத்து. எலியாசர் குதித்துவந்து இருவரையும் படிக்கு இழுத்தார்.

மேலே கல்லில் இருத்தி, துவாயால் போர்த்தினோம். உதடு நீலம் பாரித்திருந்தது. பல் கிடுகிடுவென்று அடித்தது. அக்காவின் மணிக்கட்டைப் பிடித்த கையை அவர் விடவே இல்லை. நகம் பதிந்து இரத்தம் கசிந்திருந்தது. அக்காவும் கையை இழுக்கவில்லை. கனநேரம் போன பிறகு, அண்ணை வாழ்க்கையில் முதல்தடவையாக, பதில் தெரியாத ஒரு கேள்வியைக் கேட்டார்.

"நீர் எப்ப நீந்தப் பழகினனீர்?"

"வியாழக்கிழமையளிலை."

"வியாழக்கிழமை நீர் டொயிச் படிக்கவெல்லோ போறனீர்?"

"ஓம். நீச்சல் படிப்பிக்கிறவ டொயிச்சிலைதான் சொல்லித் தாறவ."

நான்கு வருடம். ஒவ்வொரு வியாழனும் பின்னேரம் ஜெர்மன் வகுப்பென்று போய், ஈரத் தலையோடு வீடு வந்திருக்கிறார். மாயன் நாட்காட்டியில் எத்தனை மாதம் என்று தெரிந்த மனிதருக்கு, மனைவியின் தலைமயிர் ஏன் ஈரம் என்று தெரியவில்லை. திரும்பும் பஸ்ஸில், அண்ணை அயர்ந்துவிட்டார் என்று நினைத்து, "அக்கா, ஏன் அவருக்குச் சொல்லேல்லை?" என்று பிரசாந்தினி கேட்டாள்.

"சொல்லியிருந்தால் இவர் எனக்கு நீந்தச் சொல்லித் தந்திருப்பாரே" என்றார் அக்கா.

அண்ணை கண்ணை மூடியபடி இருந்தார். அயரவில்லை, இமை துடித்ததைப் பார்த்தேன். இறங்கும்போது எலியாசரின் கையை இரண்டு கையாலும் பிடித்து, "நன்றி" என்று மட்டும் சொன்னார். ஒரு சொல். விளக்கம் இல்லை. மனிதர் திருந்திவிட்டார் என்று நான் பிரசாந்தினிக்கு உறுதியாகச் சொன்னேன்.

அந்தத் திருத்தம் பதினொரு நாள் இருந்தது.

பன்னிரண்டாம் நாள், ஊருக்குப் பக்கத்து மண்டபம் ஒன்றில் பிறந்தநாள் கொண்டாட்டம். ஒரு மேசையைச் சுற்றி எட்டுப் பேர். அண்ணை ஒரு கையால் தன்னுடைய நாடியைப் பிடித்துக்கொண்டு, தாழ்கிற ஆளை எப்படிப் பின்பக்கமாகப் போய்த் தூக்க வேண்டும் என்று படிப்பித்துக்கொண்டிருந்தார். "முக்கியமா தாழுற ஆள் கதைக்கக் கூடாது. உது கனபேருக்குத் தெரியாது." தூக்கியது யார், தூக்கப்பட்டது யார் என்பது அந்தக் கதையில் இல்லை. பரமேஸ்வரி அக்கா இரண்டு மேசை தள்ளி இருந்து கேக் சாப்பிட்டார்.

இப்போது வியாழக்கிழமைகளில் அண்ணையும் நீச்சல் குளத்துக்குப் போகிறார். இறங்குவதில்லை. குளத்தைப் பார்த்தபடி ஒரு சிற்றுண்டிச்சாலை இருக்கிறது. இடையில் தடித்த கண்ணாடி. அதற்குப் பின்னால் நின்று, கையை வீசி, காலை உதைத்து, அக்காவின் நீச்சலைத் திருத்துகிறார். "கரைச்சலாய் இல்லையோ அக்கா?" என்று பிரசாந்தினி கேட்டாள்.

"இல்லையே. சத்தம் கேக்காது. பாக்க நல்லாத்தான் இருக்கு. முடிச்சு வரேக்கை கோப்பி வாங்கி வைச்சிருப்பார்."

வாசகரே, நீங்கள் இந்த இனத்தைச் சேர்ந்தவர் என்று நான் சொல்ல வரவில்லை. ஒரு சின்னச் சந்தேகம், அவ்வளவுதான். உங்கள் மனைவியோ, கணவனோ, பிள்ளையோ உங்களுக்குத் தெரியாத ஒன்றைக் கடைசியாக எப்போது சொன்னார்கள்? ஞாபகம் வரவில்லையா? தெரியாதது எதுவும் மிச்சமில்லை, அதுதான் காரணம் என்று நினைக்கிறீர்களா? அப்படியே நினைத்துக்கொள்ளுங்கள். உங்களிடம் சொல்வதை அவர்கள் நிறுத்திவிட்டது அவர்களுக்கு மட்டும் தெரிந்தால் போதும்.