பிரதமரின் பாடவேளை

"ஒரே நிமிஷத்துல சொல்லி முடிச்சிடறேன்" என்று பிரதமர் ஆரம்பித்து முக்கால் மணி நேரம் ஆகியிருந்தது. நேற்றுவரை பொருளாதாரப் பேராசிரியராக இருந்தவர். மலையடி ஊர்களுக்குக் குடிநீர்க் குழாய் போட அமைச்சரவை தலையாட்ட வேண்டும். அவரோ தண்ணீருக்கு விலை உண்டா என்ற கேள்வியையே இன்னும் தாண்டவில்லை.

விவசாய அமைச்சரிடமிருந்து குறட்டை வந்தது.

"கடைசி நாற்காலி! நான் இப்ப என்ன சொன்னேன்?"

அமைச்சர் பதறி எழுந்தே நின்றுவிட்டார். மற்றவர்கள் சிரித்தார்கள்.

"இருபது எம்.பி. வச்சிருக்கேன். என்னையா நிக்க வைக்கறீங்க?" கதவை அறைந்து சாத்திவிட்டுப் போனார்.

"போய் மன்னிப்புக் கேட்டுட்டு வாங்க" என்றாள் பிரதமரின் மனைவி. "ஒரு வார்த்தை போதும். விளக்கமெல்லாம் வேண்டாம்."

அமைச்சர் வீட்டுக்குப் போனார், கேட்டார். அதோடு திரும்பியிருப்பார். அமைச்சர்தான் வாயை வைத்துக்கொண்டு சும்மா இராமல், "அந்தத் தண்ணி விஷயம் சரியாப் புரியல" என்று மரியாதைக்குச் சொல்லித் தொலைத்தார். அமைச்சரின் மாமியார் வாசற்கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு நின்ற பிறகுதான் பேராசிரியர் எழுந்தார்.

மறுநாளே அமைச்சர் தன் ஆட்களோடு எதிர்க்கட்சிப் பக்கம் போய் உட்கார்ந்தார். நம்பிக்கையில்லாத் தீர்மானம் வந்தது. தலைகளை எண்ணினால் ஆட்சி கவிழ்ந்த மாதிரிதான்.

"பதவி போனா போகட்டும்" என்று மனைவி அவர் காலரைச் சரிசெய்தாள். "மனசுல இருக்கறதைப் பேசிட்டு வாங்க."

இந்த முறை எவ்வளவு நேரம் என்று அவள் சொல்லவில்லை.

அவர் மேகத்திலிருந்து தொடங்கினார். மதியத்துக்கு மேல் மழை பெய்தது. சாயங்காலம் ஆற்றங்கரைக்கு வந்திருந்தார். குழாய் இன்னும் வெகு தூரத்தில் இருந்தது. எதிர்க்கட்சித் தலைவர் துள்ளி எழுந்து, "வெளிநடப்பு!" என்று கத்தினார். எதிர்வரிசை முழுக்க, விவசாய அமைச்சர் முன்னால் ஓட, கதவில் முட்டிக்கொண்டு வெளியேறியது.

தீர்மானம் தோற்றது. குழாய்த் திட்டமும் பிழைத்தது.

மனசு குளிர்ந்து வெளியே வந்த பிரதமர், தாழ்வாரத்தில் எதிர்க்கட்சித் தலைவரின் கையைப் பிடித்துக்கொண்டார். "என் பேச்சு உங்களையே அசைச்சிடுச்சு, இல்ல?"

"பேச்சா? நீங்க தோத்தா மறுபடி உங்க பழைய காலேஜுக்கே பாடம் எடுக்கத்தானே போவீங்க சார்? எம் பொண்ணு இந்த வருஷம்தான் அங்க சேர்ந்திருக்கா!"