கியோண்டோவின் கை வாடகை

தார் எஸ் சலாம்,
ஞாயிறு மாலை

மதிப்பிற்குரிய பதிப்பாசிரியர் சங்கா அவர்களுக்கு,

வணக்கம். உங்கள் இரத்த அழுத்தம் இந்த வாரம் அடங்கியிருக்கும் என நம்புகிறேன். என்னுடையது இன்றுதான் அடங்கியது. 'நான்காம் அத்தியாயத்தை அச்சேற்றாதீர்கள்' என்று வெள்ளிக்கிழமை பதறி அனுப்பினேனே, அதை மறந்துவிடுங்கள். வழக்கு இல்லை.

காலனி அரசு அம்மை குத்திய காலத்தைப் பற்றிய அந்த அத்தியாயம் நிற்பதே ஒரு வாக்கியத்தின் மேல்தான். ஊசியோடு வந்த வெள்ளைக்கார டாக்டரிடம் பாரே மலைக்காரர் கியோண்டோ, "என் கையில குத்தணும்னா கைக்கு என்ன வாடகை தருவே?" என்று கேட்டாராம். மோஷியில் ஷிரிமா என்ற சாக்கா இனத்து முதியவர் முகம் மாறாமல் சொன்னார். நானும் அதை 'உடலுரிமைக்கான முதல் எதிர்ப்புக் குரல்' என்று பதினெட்டுப் பக்கம் எழுதிவிட்டேன். பிறகு கியோண்டோவின் பேத்தி நகிஜ்வா விஷயம் கேள்விப்பட்டு பஸ் ஏறிவிட்டதாகத் தகவல் வந்தது, பாரேக்காரர்கள் கோழிக்காகவும் கோர்ட்டுக்குப் போவார்கள் என்று ஷிரிமா வேறு சொல்லியிருந்தாரா, எனக்குச் சோறு இறங்கவில்லை. இன்று காலை நகிஜ்வா வந்தார். கையில் தடித்த ஃபைல், உடன் கோட்டுப் போட்ட ஒருவர். நான் தேநீரில் உப்பைப் போட்டேன். கோட்டுக்காரர் அதைக் குடித்தும் விட்டார்.

"எங்க தாத்தாவைப் பத்தி எழுதியிருக்கீங்களாமே? வாசிங்க."

வாசித்தேன். 'வாடகை' வந்ததும் நகிஜ்வாவின் தோள் குலுங்கியது. அழுகிறார் என்று நினைத்தேன்.

"அட டாக்டரம்மா! எங்க சித்தப்பா சாவுல சவப்பெட்டி மேலயே உக்காந்து, 'எனக்குத் தர வேண்டிய பீரைத் தந்துட்டுப் போடா'ன்னு வம்பு பண்ண ஆளு அந்த ஷிரிமா. அவன் சொன்னதையா ஆராய்ச்சின்னு எழுதுனீங்க?"

சாக்கா இனமும் பாரே இனமும் மாமன் மச்சான் போலக் கேலிமுறைக்காரர்கள், எதைச் சொன்னாலும் கோபிக்கக் கூடாது என்பது இங்கே பள்ளிப் பிள்ளைக்கும் தெரியும். முனைவர் பட்டம்தான் என் கண்ணை மறைத்துவிட்டது.

"நீக்கிடறேன்மா" என்றேன்.

"ஐயோ, நீக்கிராதீங்க! அவன் விட்ட கதைன்னு அவன் பேரோடயே போடுங்க. ஜனங்க சிரிக்கட்டும்."

கோட்டுக்காரர் மருமகனாம். ஃபைல் வேறு வழக்காம்; பக்கத்து வீட்டுக் கோழி.

நகிஜ்வா கொண்டுவந்த சோளமும் பயறும் போட்ட மக்காண்டேயை வழித்துத் தின்றேன். ஆகவே தயங்காமல் அச்சேற்றுங்கள். உங்கள் வீட்டாருக்கும் மெய்ப்பு பார்ப்பவருக்கும் என் அன்பு. எல்லோரும் சுகமாக இருக்கட்டும்.

தங்கள்,
கெமிலெம்பே

பி.கு.: உறையை ஒட்டப் போகையில் நகிஜ்வாவிடமிருந்து செய்தி: "டாக்டரம்மா, தாத்தா கையைப் பதினெட்டுப் பக்கம் வச்சிருக்கீங்களே, வாடகை எப்போ?" நான் புகோபாக்காரி, வேறு இனம். எனக்கும் பாரேக்காரர்களுக்கும் கேலிமுறை கிடையாது. அச்சை நிறுத்துங்கள்.