மீன்முள் தரை

நூற்றுப் பன்னிரண்டாவது டைலைப் பதித்தபோதுதான் கோணல் கண்ணில் பட்டது. சமையலறையை நோக்கிப் போகவேண்டிய வரிசை, அவசரம் வந்தவனைப் போலக் குளியலறைப் பக்கம் ஒதுங்கிக்கொண்டிருந்தது.

தொழிற்சாலையில் அவருக்குப் பெயர் பல்லு சார். மீன்முள் போலச் சாய்ந்த பற்கள் வெட்டிய ராட்சதச் சக்கரங்களை வரைவது வேலை. ஒரு பல் மயிரிழை பிசகினாலும் சக்கரத்தைத் திருப்பி அனுப்பிவிடுவார்.

மனைவி தூசிக்குப் பயந்து அம்மா வீட்டுக்குப் போயிருந்தாள். ஹாலுக்கு, டைல்களைச் சாய்த்துக் கோக்கும் அதே மீன்முள் டிசைன்தான் வேண்டும் என்று படம் காட்டி, "தரை முடிஞ்சதும் சொல்லுங்க, வந்துடறேன்" என்றிருந்தாள். அவளில்லாத வீட்டில் அவருக்குச் சோறு இறங்கவில்லை.

கொத்தனாரோ முதல் நாளே கட்டைவிரலால் அளந்தார்.

"இது என்னய்யா அளவு?"

"கண்ணளவு சார்."

"இருபது வருஷமா மீன்முள்ளோட குடித்தனம் பண்றவன் நான். நீங்க கெளம்புங்க, நானே போட்டுக்கறேன்."

இப்போது ஆராய்ந்ததில் குற்றவாளி சுவர் என்று தெரிந்தது. நடுவில் இரண்டு விரல் தொப்பை. செதுக்கினார். பூச்சு உதிர்ந்து, சுவிட்சுப் பெட்டி ஒற்றை ஒயரில் தொங்கியது.

மனைவிக்குப் போன் செய்தார். "சுவரே சரியில்லம்மா."

"அப்ப அதையும் சரி பண்ணிடுங்க. அவசரமே இல்ல."

எப்பேர்ப்பட்ட பொறுமை என்று நெகிழ்ந்துபோனார்.

பதித்ததைப் பெயர்த்தால் டைல் உடைந்தது. அதனால் அதன் மேலேயே இரண்டாவது அடுக்கு. இம்முறை மாதிரிக்குத் தன் கல்யாணத்துக்குத் தைத்த கோட்டை விரித்துக்கொண்டார்; அதன் துணியிலும் மீன்முள் நெசவுதான். ஒரு தறிக்கு வருகிற ஒழுங்கு எஞ்சினியருக்கு வராதா? நெசவைப் பார்த்துப் பார்த்து வைத்தார். நான்கு வரிசை நேராகவே வந்தது. கோட்டின் ஒரு கை சிமெண்டுக்குள் போய்விட்டது.

தரை உயர்ந்ததில் வாசல் கதவு திறக்க மறுத்தது. அடியை அறுத்தார். அறுத்தபின் கதவு மூடியிருக்கும்போதும் பக்கத்து வீட்டுப் பூனை வந்துபோனது. ஈரச் சிமெண்டில் அதன் காலடிகள் மட்டும் அட்சரசுத்தமாக நேர்கோட்டில் போயிருந்தன.

"முதல்லேர்ந்து போடணும்போல இருக்கு" என்றார் போனில்.

"போடுங்களேன். ஒரு முள் பிசகினாலும் விடாதீங்க. நீங்க விடமாட்டீங்கன்னு எனக்குத் தெரியாதா?"

இருபது வருஷத்தில் தொழிற்சாலையில் ஒருத்தர்கூட அவரை இப்படிப் பாராட்டியதில்லை.

நாற்பதாம் நாள், வெட்கத்தை விட்டுக் கொத்தனாரை வரச்சொன்னார். அவர் வாசலிலேயே நின்று, தொங்கும் சுவிட்சையும், சிமெண்டிலிருந்து எழப் பார்க்கும் கல்யாணக் கோட்டையும் வெகுநேரம் பார்த்தார்.

"எல்லாத்தையும் பேத்துடுவோம் சார். சாதா டைலு, நேர் வரிசை. ரெண்டே நாள்ல மேடம் வந்துடலாம்."

"சாதாவா? என் வேலைக்குப் பொருத்தமா, ஆசையா தேர்ந்தெடுத்திருக்காய்யா அவ!"

கொத்தனார் தலையைச் சொறிந்தார்.

"ஆசையெல்லாம் எனக்குத் தெரியாது சார். டிசைன் எடுக்கும்போது மேடம் என்கிட்ட கேட்டது ஒண்ணுதான்: 'எங்க வீட்டுக்காரர் கையில எடுத்தா, ஆயுசுக்கும் முடிக்க முடியாத டிசைன் எதுங்க?'"