கிளைமாக்ஸ் அண்ணனும் பத்து வீட்டு மாடுகளும்

சின்னக்கானல் பக்கத்தில் உலகம் அழிவதை ஆசையாக எதிர்பார்த்துக்கொண்டிருந்த மனிதர் ஒரே ஒருவர்தான். எங்கள் தேயிலை எஸ்டேட்டில் மருந்தடிக்கிற வேலை. அவர் பெயர் ரேஷன் கார்டுக்கு மட்டும்தான் தெரியும். எங்களுக்கு அவர் கிளைமாக்ஸ் அண்ணன்.

பூகம்பம், சுனாமி, எரிமலை என்று ஊரை ஒழித்துக்கட்டுகிற படம் எந்த மொழியில் வந்தாலும் போனில் பார்த்துவிடுவார். பார்த்ததோடு விடமாட்டார். அந்தப் படங்களின் சட்டதிட்டங்களை, எஸ்டேட் கட்டிக்கொடுத்த வரிசைக் குடியிருப்பான எங்கள் லயத்தின் பத்து வீடுகளிலும் அமல்படுத்துவார். ஓய்வு பெற ஒரு வாரம் இருக்கிறவர் முதலில் காலி. 'ஒன்றும் ஆகாது' என்கிற அதிகாரி இரண்டாவது. எங்கள் சூப்பர்வைசர் ஓய்வு பெறுகிற வாரத்தில் அவர் வீட்டுக்கே போய்த் துக்கம் விசாரித்துவிட்டு வந்தார்.

சண்டை போட்ட தம்பதி மட்டும் எப்படியும் பிழைத்துச் சேர்ந்துவிடுவார்களாம். அதனால் நானும் என் மனைவியும் கத்தினால் சந்தோஷமாக எட்டிப் பார்ப்பார். "நல்லா போடுங்க. மலையே இடிஞ்சாலும் ஒங்களுக்கு ஒண்ணும் ஆவாது."

அப்புறம் அந்த ஆடி மழை. நான்கு நாளாக விடவில்லை. காலையில் லயத்துக்குப் பின்னால் மண்ணில் விரிசலைப் பார்த்துவிட்டு வந்தார் அண்ணன்.

"எல்லாரும் எதிர்மேட்டு ஸ்கூலுக்குப் போயிருங்க. மலை வருது."

"எந்தப் படம்ணே?" என்றேன். லயமே சிரித்தது.

"வெவரம் தெரிஞ்சவன் சொன்னா ஒருத்தனும் கேக்கமாட்டான். படத்துலயும் அப்படித்தான்" என்று சொல்லிவிட்டுப் போனார்.

போனவர் பத்து வீட்டு மாடுகளையும் அவிழ்த்து எதிர்மேட்டுக்கு விரட்டினார். நாங்கள் உயிரை விட்டாலும் விடுவோம், கறவை மாட்டை விடுவோமா? கிழடு கட்டை, கைக்குழந்தை என்று மொத்த லயமும் அவரைத் திட்டிக்கொண்டே பின்னால் ஓடியது. என் மனைவி கையில் விளக்குமாறு.

ஸ்கூல் கேட்டைத் தாண்டும்போது பின்னால் சத்தம். திரும்பினால், லயத்தின் கடைசி நான்கு வீடுகளைக் காணோம். அதில் ஒன்று எங்களுடையது. வெறும் மண்தான் இருந்தது.

அண்ணன் ஆட்களை எண்ணினார். மூன்று தடவை எண்ணிவிட்டுத் தரையில் உட்கார்ந்து அழுதார். "எந்தப் படத்துலயும் இப்படி ஒருத்தரும் கொறையாம இருந்ததில்லையே."

ஸ்கூல் அடுப்பில் சாயா போட்டார்கள். கல்யாணமான நாளிலிருந்து முதல் டம்ளர் எனக்குத்தான். அன்று என் மனைவி அதை அவரிடம் நீட்டினாள். அவர் குடித்து முடிக்கும்வரை, என் துண்டால் அவர் தலையைத் துவட்டிக்கொண்டிருந்தேன்.